ஓடு காயும்வரை

காயட்டும். மருந்தைத் தடவி ஓடு முழுக்கக் காயவிட வேண்டும், காய்ந்த பிறகுதான் தண்ணீர், அதுவரை பக்கத்திலேயே இருங்கள், நேர் வெயிலில் வைத்துவிட்டு உள்ளே போய்விடாதீர்கள், சூடு தாங்காது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். பாதி வெயில், பாதி நிழல். எங்கள் பால்கனியில் அது ஓரிடத்தில் நிற்பதில்லை. எதிர்க் கட்டடத்துத் தண்ணீர்த் தொட்டியின் நிழல் நகர நகர நானும் நீலப் பேசினை இழுத்துக்கொண்டே இருக்கிறேன். பேசினுக்குள் செய்தித்தாள், செய்தித்தாளின் மேல் பொத்தான். கொளத்தூரில் மீன் விற்கிற கடையில் வாங்கும்போது கோட்டுப் பொத்தான் அளவுதான் இருந்தது, என் மகள் அமுதினி அங்கேயே பெயர் வைத்துவிட்டாள். இப்போது அவள் உள்ளங்கை கொள்ளாத ஆமை, கன்னத்தில் சிவப்புக் கோடு. முதுகு முழுக்க அயோடின் பழுப்பு. பழுப்பு காயக் காய அடியிலிருந்து வெள்ளை எழுந்து வருகிறது, மழைக்குப் பிறகு சுவரில் உப்புப் பூக்குமே அந்த மாதிரி, முதலில் கட்டங்களுக்கு நடுவே உள்ள பள்ளங்களில், அப்புறம் கட்டங்களின் மேல். வால் பக்கத்துக் கட்டம் ஒன்றின் ஓரம் மெத்தென்று இருக்கிறது. அதை அழுத்திப் பார்க்காதீர்கள் என்றும் சொல்லியிருக்கிறார். அழுத்திப் பார்க்கிறேன். நேற்றைக்கு இன்று குறைந்திருக்கிறதா, கூடியிருக்கிறதா, தெரியவில்லை. விரலுக்கு ஞாபகம் கிடையாது. பூஞ்சை ஓட்டைத் தின்று எலும்புக்கு இறங்கிவிட்டால் அப்புறம் கஷ்டம் என்றார், கஷ்டம் என்றால் என்ன என்று நான் கேட்கவில்லை. கையில் எடுத்து முகர்ந்து பார்க்கிறேன். அயோடின் வாசனைக்குப் பின்னால் இன்னொன்று, குவளையில் பூ வைத்த தண்ணீரை மாற்றாமல் விட்ட வாசனை. அதற்கும் பின்னால், இருக்காது, எத்தனை முறை பிரஷ்ஷால் தேய்த்தாகிவிட்டது, இருக்கவே இருக்காது, ஆனாலும் இருக்கிறது, தேங்காய் எண்ணெய்.

எங்கே ஆரம்பித்தாலும் எண்ணெயில் வந்துதான் நிற்கிறேன். வேறு எதையாவது நினைக்கலாம். அலுவலகத்தை நினைக்கலாம், இந்த வாரம் முழுக்க மதியத்துக்கு மேல் பெர்மிஷன் கேட்டபோது மேனேஜர், "யாருக்கும்மா உடம்பு சரியில்ல?" என்றார், குழந்தைக்கு என்று சொன்னேன், ஆமைக்கு என்று எப்படிச் சொல்வது. பொய் என்றும் இல்லை. வார நாளெல்லாம் அமுதினி என்னிடம், சனியும் ஞாயிறும் அவள் அப்பாவிடம் என்று தயாளனும் நானும் பிரிந்தபோது பேசிக்கொண்டோம். பொத்தானைப் பற்றி யாரும் பேசிக்கொள்ளவில்லை. அவள் விட்டுவிட்டுப் போக மாட்டேன் என்றாள். அதனால் மூடியில் துளை போட்ட பெயின்ட் வாளியில் அதுவும் சனிக்கிழமை காலை போய் ஞாயிறு இரவு திரும்பி வரும். போகும்போது மங்கலாகப் போவது வரும்போது பளபளவென்று வரும். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. தயாளன் மறுமணம் செய்துகொண்டதைத் தாங்கினேன், அவர்கள் வீட்டில் வாஷிங் மெஷினுக்குப் பூப்போட்ட உறை போட்டிருக்கிறது என்று அமுதினி சொன்னதைத் தாங்கினேன், சுகி சித்தி, சுகி சித்தி என்று அவள் வாய் ஓயாததைக்கூட. ஆனால் வாளியின் மூடியைத் திறந்தால் எண்ணெய் போட்ட கருங்கல் சிலை மாதிரி மின்னுகிற அந்த ஓடு. புதன்கிழமைக்குள் என் வீட்டில் அது மங்கிவிடும், வியாழக்கிழமை வெள்ளை தெரியும். மறுபடி அங்கே போய்ப் பளபளவென்று வரும். "பாத்தியாம்மா, அங்க இருக்கும்போது வெள்ளையே இல்ல. இங்க வந்தாதான் வருது," என்றாள் அமுதினி. குற்றம் சொல்லவில்லை, கண்டதைச் சொன்னாள், அதுதான் இன்னும் மோசம். தண்ணீரைத் தினம் மாற்றினேன். கேன் தண்ணீர் ஊற்றினேன். பிரஷ்ஷால் தேய்த்தேன், இரவில் எழுந்து விளக்கைப் போட்டுப் பார்த்தேன். அந்த வீட்டில் ஒருத்தி இதெல்லாம் எதுவும் செய்யாமல் இரண்டே நாளில் சரிசெய்து அனுப்புகிறாள். போன ஞாயிறு அமுதினி செருப்பைக்கூடக் கழற்றாமல் சொன்னாள்: "பொத்தானுக்குச் சரியாகற வரைக்கும் அங்கயே இருக்கட்டும்மா. நானும் கூடவே இருக்கேன். ஸ்கூல் அங்கேருந்து கிட்டதான், அப்பா கொண்டு விடுவாரு." யோசிக்கலாம் என்றேன். அவளுடைய பள்ளிச் சட்டைகளை அலமாரியில் எந்தத் தட்டில் வைத்திருக்கிறேன் என்று அந்த நிமிடமே நினைத்துப் பார்த்தேன். அந்தத் தட்டு காலியாக இருந்தால் எப்படி இருக்கும் என்று.

நிழல் பேசினைத் தொட்டுவிட்டது. இழுக்கிறேன். பொத்தான் கழுத்தை உள்ளே இழுத்துக்கொண்டு மறுபடி நீட்டுகிறது. டாக்டர் ஆமையைத் திருப்பிப் பார்த்ததும் கேட்டது தண்ணீரைப் பற்றி இல்லை, "ஓட்டுமேல என்ன தடவுனீங்க?" என்றுதான். பஞ்சால் ஒருமுறை துடைத்துப் பஞ்சை எனக்குக் காட்டினார், மஞ்சள். "எண்ணெயும் மஞ்சளுமா? ஏம்மா, ஆமைக்கு எதுக்கு எண்ணெய்க் குளியல், சடையா பின்னப் போறீங்க?" என்று சிரித்தார். நானும் சிரித்தேன், எதற்கென்று தெரியாமல். எண்ணெய் படிந்தால் அடியில் ஈரம் அடைந்து கிடக்கும், பூஞ்சைக்கு அதுதான் மெத்தை என்றார். எண்ணெய் இருக்கும்வரை வெள்ளை கண்ணுக்குத் தெரியாது, குணமாகிவிட்டது என்று நினைப்பீர்கள், எண்ணெய் போய்க் காய்ந்தால்தான் உள்ளே எவ்வளவு போயிருக்கிறது என்று தெரியும். குளத்து ஆமைகளுக்கும் இது வரத்தான் செய்யும், ஆனால் அதுகள் தாமாகவே கல்லில் ஏறிக் காய்ந்துகொள்ளும், நாம்தான் ஏற இடம் கொடுப்பதில்லை. இன்னும் என்னவோ சொன்னார், கால்சியம் என்றார், கணவாய் மீனின் ஓடு என்றார், நான் கேட்கவில்லை. எண்ணெய் இருக்கும்வரை தெரியாது. எண்ணெய் போனால் தெரியும். சனி, ஞாயிறு தெரியாது. புதன், வியாழன் தெரியும். அப்படியானால் என் வீட்டில் வரவில்லை. என் வீட்டில் தெரிந்தது, அவ்வளவுதான். அவள் வீட்டில் வந்தது. அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தபோது எனக்கு வந்த சந்தோஷம் பிள்ளை பெற்றபோதுகூட வந்ததா, தெரியவில்லை. அமுதினி அப்போது வெளியே பெஞ்சில் யாரோ கொண்டுவந்த கிளியோடு பேசிக்கொண்டிருந்தாள். அவளிடம் மருந்து தடவிக் காயவைக்க வேண்டுமாம் என்று மட்டும் சொன்னேன். மீதியை வாயில் அடக்கிய கற்கண்டு மாதிரி வைத்துக்கொண்டிருக்கிறேன். கடிக்கவும் இல்லை, கரையவும் இல்லை.

எண்ணெய் என்றால் என்னிடமிருந்து ஓடுகிறவள் அமுதினி. கைக்குழந்தையிலிருந்தே அப்படி, தலையில் கை வைத்தால் அலறுவாள், பிசுக்கு பிசுக்கு என்பாள், கடைசியில் விட்டுவிட்டேன். அந்த வீட்டிலிருந்து முதல்முறை எண்ணெய் வழிய இரட்டைச் சடையோடு வந்து நின்றபோது என் பிள்ளைதானா என்று பார்த்தேன். "சித்தி தேச்சாங்க. சனிக்கிழம நாகர்கோவில்ல எல்லாரும் தேச்சுப்பாங்களாம். எனக்குத் தேச்சிட்டு மிச்சத்தப் பொத்தானுக்குத் தேச்சோம்." பொத்தானைக் கையில் எடுத்து, "என்ன மக்ளே, நல்லா இருக்கா மக்ளே," என்று அந்த ஊர்ப் பேச்சில் கொஞ்சினாள். மக்ளே. என் வீட்டில் யாரும் யாரையும் அப்படிக் கூப்பிட்டதில்லை. அன்று இரவு அவள் தூங்கிய பிறகு தலையணை உறையை மாற்றினேன், எண்ணெய்க் கறைக்காக என்று எனக்கே சொல்லிக்கொண்டு. எப்படி உட்கார்ந்திருப்பாள் என்று நினைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தேன். அந்தப் பெண்ணின் முழங்கால்களுக்கு நடுவே, கண்ணை மூடிக்கொண்டு, கழுத்தை அவள் கைக்குக் கொடுத்து. பள்ளி ஆண்டுவிழாவில் அந்தக் கைகளைப் பார்த்திருக்கிறேன். சின்ன உருவம், உருவத்துக்குப் பொருந்தாத அகலமான கைகள். கூட்டத்தில் என்னைக் கண்டதும் ஒதுங்கிப் போகவில்லை, நேரே வந்து, "எக்கா, நான்தான் சுகிர்தா, பிள்ள உங்க ஜாட அப்பிடியே இருக்கா," என்று அந்தக் கையால் என் கையைப் பிடித்துக்கொண்டாள். வெறுப்பதற்கு ஒரு பிடி கொடுத்தால் என்ன. இப்போது கொடுத்திருக்கிறாள். போனை எடுத்தால் ஒரு நிமிடம். சுகிர்தா, டாக்டர் சொல்லிட்டாரு, உன் எண்ணெய்தான். இல்லை, இது கொஞ்சம் கரடு. சுகிர்தா, இனிமே எண்ணெய் மட்டும் வேணாம்மா, அதனாலதான் இவ்வளவும். இது நன்றாக இருக்கிறது, ‘ம்மா’ சேர்த்துச் சொன்னால் இன்னும் ஆழமாக இறங்கும். தயாளனிடம் சொல்லலாம், அவர் போய்ச் சொல்லட்டும். பிள்ளையை உங்களிடம் எப்படி நம்பி அனுப்புவது என்று ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை சேர்த்துக்கொள்ளலாம். சனிக்கிழமைகளே வேண்டாம் என்றுகூட. அதுவரை போய்விட்டு ஒவ்வொரு தடவையும் ஓரிடத்தில் தட்டி நிற்கிறேன். பொத்தானுக்குத் தேச்சோம் என்றாள் அமுதினி. தேச்சாங்க என்று சொல்லவில்லை, தேச்சோம். சின்ன விரல்களால் கட்டம் கட்டமாக மஞ்சளைப் பூசியிருப்பாள். பொத்தான் செத்துப்போனால், செத்துப்போகாது, போனால், அவள் தன் கையைப் பார்த்துக்கொண்டு நிற்பாள். வளர்ந்த பிறகும் அவ்வப்போது பார்ப்பாள். சுகிர்தாவை எட்டி அடிக்க எனக்கு வழியே இல்லை, நடுவில் அமுதினியின் கை இருக்கிறது.

கிரில் மேல் காகம். "போ!" பக்கத்தில் கிடந்த செய்தித்தாளைச் சுருட்டி வீசுகிறேன். எதிர்க் கட்டடத்துக்குப் போய் உட்கார்ந்து தலையைச் சாய்த்துப் பார்க்கிறது. இப்படித்தான் ஆமையைப் பார்ப்பார் தயாளன், தலையைச் சாய்த்து. கல்யாணமான புதிதில் கும்பகோணத்தில் ஒரு குளப்படியில் உட்கார்ந்திருந்தோம். ஆமைகள் வரிசையாகப் படியேறி வந்து காலைப் பரப்பிக்கொண்டு காய்ந்துகொண்டிருந்தன. ஒன்றின் ஓட்டில் விரல் நுழைகிற பள்ளம், பள்ளத்தைச் சுற்றிப் பாசியும் வெள்ளையும். ஐயோ பாவம் என்று தயாளன் தன் வடையைப் பிய்த்துப் பிய்த்து அதற்கு மட்டும் போட்டார். அது தின்னவில்லை, வெயிலில் கண்ணை மூடிக்கொண்டது. அது மூடிய பிறகும் அவர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். புதுப் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு பக்கத்தில் நான் உட்கார்ந்திருந்தேன். கிளம்பலாம் என்று முழங்கையால் இடித்தேன், படியில் கால் அதிர எழுந்தேன், ஆமைகளெல்லாம் தொப் தொப்பென்று தண்ணீருக்குள் விழுந்துவிட்டன, அந்தப் புண் ஆமையும். அப்போது சுகிர்தா எங்கே இருந்தாள்? நாகர்கோவிலில் எங்கோ பள்ளிக்கூடத்துக்குப் போய்க்கொண்டிருந்திருப்பாள். அப்போதே எனக்கு இது இருந்தது. ஓர் ஆமை காய்வதைப் பொறுக்காத மனசு. அவருடைய சினேகிதர்கள் சாப்பிட வந்தால் அவர்கள் தட்டில் எத்தனை தோசை விழுகிறது என்று பார்க்கும், அவர் அம்மாவுக்குப் போன் செய்தால் கடிகாரத்தைப் பார்க்கும். என்னவோ சுகிர்தா வந்து கொண்டுவந்த நோய் போல இத்தனை நாளும் நினைத்துக்கொண்டிருக்கிறேன். சரி, அதற்காக? பழைய நோய் என்றால் வலிக்காதா?

போன் அடிக்கிறது. திரையில் அவள் பெயர். தயாளன் வீடு என்றுதான் பதிந்து வைத்திருந்தேன், அமுதினி சுகி சித்தி என்று மாற்றி, பக்கத்தில் ஆமைப் படமும் போட்டுவிட்டாள். எடுக்கவில்லை. அடித்து அடித்து ஓய்கிறது. ஓய்ந்ததும் எடுத்திருக்கலாமோ என்று இருக்கிறது, அமுதினி இல்லாத நேரம், சொல்லியிருக்கலாம், இரண்டு பேருக்குள் முடிந்திருக்கும். சுகிர்தா சொல்லாமலா இருப்பாள்? சனிக்கிழமை பிள்ளையைக் கட்டிக்கொண்டு, நம்மதான் மக்ளே பொத்தானக் கெடுத்துட்டோம் என்று அழுவாள், அழக்கூடியவள்தான், அப்புறம் இரண்டு பேரும் சேர்ந்து அழுவார்கள். அதையும் சேர்ந்துதான் செய்வார்கள். ஓட்டைத் தொட்டுப் பார்க்கிறேன். முதுகு காய்ந்துவிட்டது, ஓரங்களில் இன்னும் பிசுபிசுப்பு. மெத்தென்ற இடத்தில் விரலை வைத்துக்கொண்டே இருக்கிறேன். வெளியே வேன் கதவு சாத்துகிற சத்தம். படியில் அமுதினியின் பை இடித்துக்கொண்டு வருகிற சத்தம்.

"காஞ்சிடுச்சா?" பையைக் கழற்றாமலே பேசின் முன்னால் குந்துகிறாள். "முக்கால்வாசி," என்கிறேன். "சாப்டானா?" "தண்ணில விட்டாதான் சாப்பிடுவான்." "பசிக்குமேம்மா." "உனக்கு முதல்ல பசிக்கல?" போன் மறுபடி அடிக்கிறது. படத்தைப் பார்த்துவிட்டு அவளே அழுத்தி என் காதில் வைக்கிறாள். "எக்கா, முந்தியும் அடிச்சேன், வேலையா இருந்தியளா? பொத்தானுக்கு எப்பிடி இருக்கு? ராத்திரி ஒறக்கமே இல்ல கேட்டியளா, அவருகிட்டயும் சொல்லிட்டே கெடந்தேன். டாக்டர் என்னத்தால வந்துன்னு சொன்னாரு?" என்னத்தால வந்தது. கற்கண்டு நாக்கின் நுனிக்கு வந்துவிட்டது. அமுதினி விரலால் பொத்தானின் மூக்கைத் தொட்டுக்கொண்டிருக்கிறாள், அது தலையை இழுத்துக்கொள்ளவில்லை, அந்த விரலைத் தெரியும் அதற்கு. நகத்தில் எங்கோ பழைய மஞ்சள் இருப்பது போலத் தோன்றுகிறது, இருக்காது. "தண்ணிதானாம்," என்கிறேன். "இங்க போர் தண்ணி. உப்பு ஜாஸ்தி." சொல்லி முடித்ததும்தான் என்ன சொல்லியிருக்கிறேன் என்று எனக்குப் புரிகிறது, ஆனால் அவள் என்னை முந்திக்கொள்கிறாள். "அதான பாத்தேன்! எக்கா, அப்பம் ஒண்ணு செய்வோம், இங்க நல்ல தண்ணில்லா, மொட்டமாடில வெயிலும் உண்டு, நான் சும்மாதான இருக்கேன். நாளைக்கே இங்க கொண்டாந்திருவோம். பிள்ளையும் அதுகூடவே நிக்கட்டும், ஒரு மாசம்தான, நீங்களும் ஆபீசுக்கு அலையாண்டாம்." குரலில் ஒரு துளி கள்ளம் இல்லை. நானே பாயை விரித்து, தலையணையும் போட்டுக் கொடுத்திருக்கிறேன். "பார்க்கலாம்மா," என்கிறேன். அந்த ‘ம்மா’ என்ன அழகாக வருகிறது வாயில். "அப்புறம் பேசறேன்."

போனைக் கீழே வைத்த பிறகும் அமுதினி என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். "டாக்டர் எண்ணெய்னுதானே சொன்னாரு?" என்கிறாள். "நீ கிளிகிட்ட பேசிட்டு இருந்தியே." "கதவு தொறந்துதானே இருந்துச்சு. சடை பின்னப் போறீங்களான்னு கேட்டாரே." அதை நினைத்து இப்போது சிரிக்கிறாள். எனக்கு அவள் கையைத்தான் பார்க்கத் தோன்றுகிறது. "அது வந்து, அமுது, தெரியாம செஞ்சதுதான், யாரும் வேணும்னு..." என்று ஆரம்பிக்கிறேன். "நானா செஞ்சேன்? நான் பிடிச்சுக்கிட்டுதான் இருந்தேன், அவன் நழுவிடுவான்னு. தேச்சதெல்லாம் சித்திதான்," என்கிறாள், கணக்குப் பாடத்தில் யார் தவறு என்று சொல்வது போல. அவ்வளவுதான். இரண்டு நாளாக நான் குறுக்கே நின்று காத்த கை, காற்றில் நானே வரைந்த கை. எட்டி அடித்திருக்கலாம். இடையில் யாருமே இல்லை. அவள் என் தோளில் சாய்ந்து, தாழ்ந்த குரலில், "சித்தி வருத்தப்படுவாங்கன்னுதானேம்மா தண்ணின்னு சொன்ன?" என்கிறாள். எவ்வளவோ நாளுக்குப் பிறகு அவளாக வந்து சாய்கிறாள். இல்லை என்று சொல்ல வேண்டும். சொன்னால் அப்புறம் எதற்கு என்று சொல்ல வேண்டும். "நீ நல்ல அம்மா," என்கிறாள். அந்த எடை தோளில் இருக்கும்போது அந்தச் சொல் யார் பெயரில் வந்ததென்று பார்க்காமல் வாங்கிக்கொள்கிறேன், தோள் சுடுகிறது.

அப்புறம் அவள் நிமிர்கிறாள். "ஆனா சொல்லலைன்னா மறுபடியும் தேச்சிடுவாங்களே." நான் யோசிப்பதற்குள் போன் அவள் கையில். "சித்தி, நான்தான். தண்ணி இல்ல சித்தி. எண்ணெயாம். டாக்டர் சொன்னாரு. நீங்க அழுவீங்கன்னு அம்மா மாத்திச் சொல்லிட்டாங்க." மறுமுனையில் சத்தமே இல்லை. இந்த அமைதிக்காகத்தான் செவ்வாயிலிருந்து காத்திருந்தேன், இதைக் கேட்க வேண்டும், முழுசாகக் கேட்க வேண்டும் என்று மூச்சைக்கூட அடக்கிக்கொண்டிருக்கிறேன். பிறகு அந்த மெல்லிய பெட்டிக்குள்ளிருந்து விசும்பல் வருகிறது. வருகிறது, வந்துகொண்டே இருக்கிறது, அமுதினி எழுந்து அங்குமிங்கும் நடக்கிறாள். "ஒண்ணுமில்ல, ஒண்ணுமில்ல. சரியாயிடும், காலைல எழுந்தா ஒண்ணுமே இருக்காது பாரு," என்கிறாள். காய்ச்சல் இரவுகளில் அவள் நெற்றியில் கை வைத்து நான் சொல்வது. இழுக்கிற இடத்தில் இழுத்து, நிறுத்துகிற இடத்தில் நிறுத்தி, என் குரலிலேயே சொல்கிறாள். அதை எங்கிருந்து எடுத்தாள் என்று அந்தப் பெண்ணுக்குத் தெரியாது. "ம். ம். சரி, சொல்றேன்," என்று வைத்துவிட்டு என்னிடம் திரும்புகிறாள். "பொத்தான் உன்கிட்டயே இருக்கட்டுமாம். நீதான் நல்லாப் பாத்துக்கறியாம். இனிமே தொடவே மாட்டாங்களாம்." ஆமை இங்கேயே இருக்கிறது. சட்டைகள் அந்தத் தட்டிலேயே இருக்கும். நான் கேட்டதெல்லாம் அதுதான். பொத்தானைத் தூக்கிப் பார்க்கிறேன், ஓரங்களும் காய்ந்துவிட்டன, தண்ணீரில் விடலாம். அமுதினி இன்னும் நகரவில்லை. ஒரு காலை இன்னொரு காலால் தேய்த்துக்கொண்டு நிற்கிறாள்.

"அம்மா."

"என்ன?"

"அப்பா ஆபீஸ்லேருந்து வர லேட்டாகுமாம். அவங்க தனியா அழுதுட்டு இருக்காங்க. நான் இன்னைக்கே போகட்டுமா? பொத்தானை நீ பாத்துக்கோ."

தொட்டியின் நிழல் பால்கனி முழுவதையும் மூடிவிட்டிருக்கிறது. ஆமை என் கையில் கால்களை வீசுகிறது, தண்ணீருக்காக.

"யூனிஃபார்மை மாத்திட்டுப் போ," என்கிறேன்.